வசனம் இல்லாத நேரத்து நாசர்

கிழக்குத் தாம்பரத்தில் ரயிலை விட்டு இறங்கி வேளச்சேரி சாலைக்குத் திரும்பினால், சென்னை கிறிஸ்தவக் கல்லூரியின் மரங்கள் கண்ணில் படும். நகரத்துக்குள் இருந்த கல்லூரி 1937-ல் இங்கே குடிவந்தது. அங்கே வேதியியல் சொல்லிக்கொடுத்த ஓர் இளைஞர் 1947-ல் ஜெமினி ஸ்டூடியோவுக்கு வேலைக்குப் போய், பின்னாளில் ஜெமினி கணேசன் ஆனார். பல ஆண்டுகள் கழித்து, செங்கல்பட்டில் பள்ளிப்படிப்பை முடித்த ஒரு பையன் புகுமுக வகுப்பு படிக்க அதே கல்லூரிக்கு வந்து, நாடகக் குழுவில் சேர்ந்தான். அந்தப் பையன்தான் நாசர்.

இந்த இருவரும் 1996-ல் ‘அவ்வை சண்முகி’யில் எதிரெதிரே நின்றார்கள். ஜெமினி, ஆசாரமான விஸ்வநாத ஐயர். நாசர், அவர் வீட்டுக்குள் பிராமணச் சமையற்காரராக வேஷம் போட்டு நுழையும் பாஷா. வாயைத் திறந்தால் குட்டு வெளிப்பட்டுவிடும் என்பதால் ஊமையாகவும் நடிக்க வேண்டும். முதலாளி கேட்பது காதில் விழுகிறது, பதில் நாக்கு நுனியில் நிற்கிறது, அதை விழுங்கிவிட்டுக் கையை ஆட்ட வேண்டும். தியேட்டர் சிரித்தது அந்த விழுங்கலைப் பார்த்துத்தான்.

குணச்சித்திர நடிகரின் தொழில் ரகசியம் இதில் இருக்கிறது. கதாநாயகன் பேசும்போது கேட்டுக்கொண்டிருப்பவர் எப்படிக் கேட்கிறார் என்பதில்தான் பாதிக் காட்சி நிற்கும். அறிமுகப் பாட்டும் கட்அவுட்டும் இவர்களுக்குக் கிடையாது.

நாசருக்கு வழியும் நேராக அமையவில்லை. கொஞ்ச காலம் விமானப் படையில் இருந்தார். ஓட்டலில் வேலை பார்த்தார். பிலிம் சேம்பரின் நடிப்புப் பள்ளியிலும் தரமணி அரசுத் திரைப்படக் கல்லூரியிலும் பயின்றார். 1985-ல் கே. பாலசந்தரின் ‘கல்யாண அகதிகள்’ முதல் படம். இரண்டே ஆண்டில் ‘நாயகன்’ வந்தது. வேலு நாயக்கரைப் பிடிக்க வரும் போலீஸ் அதிகாரியும் அவர்தான், அந்த வீட்டு மருமகனும் அவர்தான்.

‘தேவர் மகன்’ (1992) மாயனை மறந்தவர்கள் தமிழ்நாட்டில் குறைவு. சிவாஜியும் கமலும் இருக்கும் படத்தில் மூன்றாவது ஆளாக நிற்பது சாதாரண விஷயமில்லை. பஞ்சாயத்தில் பெரியப்பாவை எதிர்த்து மாயன் கத்தும்போது, அதில் வில்லத்தனத்தைவிடப் பங்காளிப் பகையின் பழைய காயம்தான் கேட்கிறது. அவமானத்தோடு வீடு திரும்பும் பெரிய தேவர் உயிரை விடுகிறார். மூன்று வருடம் கழித்து வந்த ‘குருதிப்புன’லில் இதற்கு நேர் மாறு. தீவிரவாதத் தலைவன் பத்ரி விசாரணை அறையில் குரலை உயர்த்துவதே அபூர்வம். விசாரிப்பவர்தான் கலங்குகிறார்.

அதே 1995-ல் மணிரத்னத்தின் ‘பம்பாய்’. பிறப்பால் முஸ்லிமான நாசர், இந்துத் தகப்பன் நாராயண பிள்ளை; சம்பந்தி பஷீராக கிட்டி. செங்கல் சூளை வைத்திருக்கும் பஷீரிடம் போய், ராமர் பெயர் பொறித்த செங்கல் வேண்டும் என்று வீம்புக்குக் கேட்கிறார் பிள்ளை. பேரப்பிள்ளைகள் பிறந்தபின் இதே இரண்டு கிழவர்களும் சின்னப் பிள்ளைகள் போலச் சண்டை போடுகிறார்கள். கடைசியில் ஒரே தீயில் இருவரும் போய்ச் சேர்கிறார்கள். அந்த வீம்பை அவ்வளவு உண்மையாகச் செய்திருக்காவிட்டால் அந்தத் தீ நம்மைச் சுட்டிருக்காது.

பிரான்சில் நடிகர் மிஷேல் லோன்ஸ்டேலுக்கும் இப்படியொரு வீச்சு இருந்தது. 1979-ல் ஜேம்ஸ் பாண்டின் வில்லன். 2010-ல் அல்ஜீரிய மடத்தில் நோயாளிகளைக் கவனிக்கும் வயதான துறவி. அந்தத் துறவி வேடத்துக்கு, துணை நடிகருக்கான சேசர் விருதைக் கொடுத்தது அந்த நாடு.

‘பாகுபலி’யின் பிஜ்ஜலதேவன் நாசரை நாடெங்கும் கொண்டுபோனான். ஊனமான கையும் வஞ்சம் நிறைந்த பார்வையுமாக அவர் சிம்மாசனத்துக்குப் பக்கத்தில் நின்றாலே போதும். முதல் பாகம் வந்த 2015-ல்தான் நடிகர் சங்கத் தலைவராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

ஆனால் அவரை அறிய ஆசைப்படுகிறவர்கள் முதலில் பார்க்க வேண்டியது, அவரே இயக்கி நடித்த ‘அவதாரம்’ (1995). தெருக்கூத்துக் கலைஞர்களின் கதை. செங்கல்பட்டு, காஞ்சிபுரம் பக்கத்துக் கிராமங்களில் விடிய விடியக் கூத்து பார்த்தவர்களுக்கு அதன் வாசனை தெரியும். குழுவில் எடுபிடியாக இருக்கும் குப்புசாமிக்கு ஒரு வேஷம் கட்டிவிட வேண்டும் என்பதே ஏக்கம். வசூலில் படம் பெரிதாகப் போகவில்லை. இளையராஜாவின் பாட்டுகள் மட்டும் இன்றுவரை ஓடுகின்றன. முடிவில் முகத்தில் அரிதாரம் பூசி, நரசிம்ம வேஷம் கட்டிக்கொண்டு குப்புசாமி இருட்டில் நடந்து வருகிறான். ஆடப் போவது கூத்து இல்லை என்பது பார்க்கும் நமக்குத் தெரியும்.