ஒலியன்சார் செயல்நினைவு

ஒலியன்சார் செயல்நினைவு என்பது கேட்ட அல்லது வாசித்த சொற்களை ஒலி வடிவில் சில நொடிகள் மட்டும் மனத்தில் தாங்கி வைக்கும் ஆற்றல் ஆகும். ஆலன் பேட்லி, கிரஹாம் ஹிட்ச் ஆகிய பிரித்தானிய உளவியலாளர்கள் 1974 இல் முன்வைத்த செயல்நினைவுக் கோட்பாட்டின் ஒரு பகுதியான இது, பின்னர் ஒலியன் வளையம் எனப் பெயர் பெற்றது.

இதில் இரு கூறுகள் உள்ளன. ஒன்று ஒலிச் சேமிப்பு. அதில் பதியும் தடம் ஏறத்தாழ 2 நொடிகளில் மங்கிவிடும். மற்றொன்று ஒத்திகை. தொலைபேசி எண்ணைக் கேட்டவர் அதை எழுதும்வரை உள்ளுக்குள் முணுமுணுப்பது இந்த ஒத்திகையே.

சான்றுகள்

"கல், பல், வில், நெல், சொல்" என்பது போன்ற ஒத்த ஒலியுடைய சொற்களை வரிசை மாறாமல் திருப்பிச் சொல்வது, "கல், மீன், தேர், பூ, கை" என்பவற்றைச் சொல்வதைவிடக் கடினம். பொருள் ஒத்த சொற்கள் இந்த அளவு குழப்புவதில்லை. எனவே இங்குத் தங்குவது பொருளன்று, ஒலியே.

சொல்லின் நீளமும் முக்கியமானது. வேல்சு மொழிச் சிறுவர்கள் நுண்ணறிவுச் சோதனையின் இலக்க நினைவுப் பகுதியில் குறைந்த மதிப்பெண் பெற்றுவந்தனர். வேல்சு எண்ணுப்பெயர்களை உச்சரிக்க ஆங்கிலத்தைவிடக் கூடுதல் நேரம் பிடிப்பதே காரணம் என எல்லிசு, ஹென்னலி ஆகியோர் 1980 இல் காட்டினர். இருமொழியாளர்களிடம் சோதித்தபோது, அதே ஆட்கள் ஆங்கிலத்தில் கூடுதல் இலக்கங்களை நினைவில் வைத்தனர். குறை சிறுவர்களிடம் இல்லை, அளவுகோலில்தான் இருந்தது.

சொல் கற்றலில் பங்கு

பக்கவாதத்தால் இந்த நினைவு மட்டும் பெரிதும் சிதைந்த இத்தாலியப் பெண் ஒருவரைப் பேட்லி, பாப்பாக்னோ, வல்லர் ஆகியோர் ஆராய்ந்து 1988 இல் முடிவை வெளியிட்டனர். அவர் இயல்பாக உரையாடினார். இரண்டிரண்டாகத் தரப்பட்ட இத்தாலியச் சொற்களைப் பிறரைப் போலவே இணைத்துக் கற்றார். ஆனால் அவருக்கு அறிமுகமில்லாத உருசியச் சொற்களைப் பலமுறை காதால் கேட்டும் கற்க இயலவில்லை. தெரிந்த சொல்லைப் பொருளைப் பற்றிக்கொண்டு நினைவில் வைக்கலாம்; புதிய சொல்லுக்கு முதலில் இருப்பது ஒலி மட்டுமே. பழகிய சொற்களாலான எளிய பேச்சைப் புரிந்துகொள்ள இவ்வளையம் அதிகம் தேவைப்படுவதில்லை. நீண்டு சிக்கலான வாக்கியங்களில்தான் அவர் தடுமாறினார்.

குழந்தைகளிடம் இதை அளக்க, "பலிமுடோகம்" போன்ற பொருளற்ற சொல்லைக் கேட்டவுடன் திருப்பிச் சொல்லச் செய்வர். மொழி வளர்ச்சிக் கோளாறு உள்ள குழந்தைகள் பலர் இதில் தடுமாறுகின்றனர். எனினும் இச்சோதனை நினைவை மட்டும் அளப்பதன்று. சொல்வளம் மிகுந்த குழந்தை, தான் அறிந்த சொற்களின் சாயலைக் கொண்டே புதிய ஒலித்தொடரை எளிதில் பிடித்துக்கொள்ளும்.