பொய் சொல்லும் ஆவணம்

ஆவணப்படக்காரர் கதைப்படம் எடுத்தால் பதவி உயர்வு. கதைப்படக்காரர் ஆவணப்படம் எடுத்தால் வாய்ப்பு வற்றிவிட்டது என்று பேசுவது திரையுலக வழக்கம். பிரான்ஸின் ஆன்யெஸ் வர்தாவை (1928–2019) இந்த ஏணியில் எந்தப் படியிலும் நிறுத்த முடியாது. இரண்டு வகையும் அவருக்கு ஒரே வேலை. ஒன்றில் கற்ற சந்தேகத்தை மற்றதில் செலவழித்தார்.

புகைப்படக் கலைஞராக இருந்த அவர், 1954இல் செத் நகரின் மீனவர் குடியிருப்பில் 'லா புவான்த் கூர்த்' எடுத்தபோது சினிமாப் பயிற்சி எதுவும் பெற்றிருக்கவில்லை. சிறிய சொந்த நிறுவனம், கூட்டுறவு முறையில் வேலை செய்த குழு, அவ்வளவுதான் முதல். மணவாழ்க்கை ஆட்டங்காணும் தம்பதியாக இரு தொழில்முறை நடிகர்கள். சுற்றிலும் மீனவர்கள் மீனவர்களாகவே. இரு இழைகளும் மாறி மாறி வருகின்றன, ஒன்றோடொன்று பின்னிக்கொள்ளாமல். ஒட்டவில்லையே என்று குறை சொல்லலாம். ஆனால் அந்தத் தம்பதியின் பேச்சு எவ்வளவு செயற்கையானது என்பதைப் பக்கத்தில் வலை உலர்த்துகிறவர்கள்தாம் காட்டிக்கொடுக்கிறார்கள்.

வெனிஸ் விழாவில் தங்கச் சிங்கம் வென்ற 1985ஆம் ஆண்டுப் படம் 'சான் துவா நி லுவா' இதன் முதிர்ந்த வடிவம். நாடோடிப் பெண் மோனா வாய்க்காலில் குளிரில் விறைத்துக் கிடப்பதில் படம் தொடங்குகிறது. அவளைப் பார்த்தவர்கள் ஒவ்வொருவராகச் சாட்சி சொல்கிறார்கள்; அவர்களில் பலர் அந்த வட்டாரத்து மக்கள், நடிகர்கள் அல்லர். விசாரணை ஆவணப்படத்தின் அச்சு அப்படியே இருக்கிறது. மோனா மட்டும் கற்பனை. இத்தனை பேர் பேசியும் அவள் யாரென்று பிடிபடவில்லை. சாட்சியங்களைக் குவித்தால் உண்மை வந்துவிடும் என்ற ஆவணப்பட நம்பிக்கையைக் கதைப்படம் ஒன்றே சோதித்துப் பார்க்கிறது.

இப்படிக் கலப்பது பார்ப்பவரை ஏமாற்றாதா? மறைத்துச் செய்தால் ஏமாற்றுதான். வர்தா மறைக்கவில்லை. லாஸ் ஏஞ்சலிஸின் சுவரோவியங்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்த கையோடு, அதே நகரத்தில் 1981இல் ஒரு கதைப்படம் எடுத்தார். தலைப்பு 'தொக்யுமான்தர்': ஆவணப்படம் என்ற சொல்லின் வாலில் பொய்யன் என்ற சொல் ஒட்டிக்கொண்டிருக்கிறது. நாயகியாக நடித்தவர் முந்தைய படத்தின் படத்தொகுப்பாளர். மகனாக வருவது வர்தாவின் சொந்த மகன்.

பணமில்லாததால்தான் ஆவணப்படம் என்ற வாதத்தில் பாதி உண்மை. கதைப்படங்களுக்கு முதலீடு கிடைக்காமல் அவர் ஆண்டுக்கணக்கில் காத்திருந்தார். கைக்குழந்தையோடு வீட்டை விட்டு நகர முடியாத நாளில், வீட்டிலிருந்து இழுத்த மின்கம்பி எட்டும் தூரத்துக் கடைக்காரர்களையே 'தாகேரோதிப்' என்ற ஆவணப்படமாக ஆக்கினார். ஆனால் முடியாமை எங்கே கேமராவை வைப்பது என்பதை மட்டுமே முடிவு செய்தது. எதைப் பார்ப்பது என்பது அவருடையது.

ஏழைகளின் பாடு கலைஞருக்குத் தீனியாகிறது என்ற மறுப்புதான் கனமானது. அறுவடைக்குப் பின் வயலில் மிஞ்சியதைப் பொறுக்கி உண்போரைப் பற்றிய 2000ஆம் ஆண்டுப் படத்தில், சிறிய டிஜிட்டல் கேமராவைத் தன் சுருங்கிய கையின் மீதும் அவர் திருப்பினார். அது கேள்வியை முழுக்கத் தீர்க்கவில்லை. தற்பெருமை என்றுகூடச் சிலருக்குப் பட்டிருக்கும். இரண்டாண்டு கழித்து அதே மனிதர்களைத் தேடிப்போய் இன்னொரு படம் எடுத்தார். சந்தையில் எறிந்த காய்கறியை உண்டு வாழ்ந்த ஒருவர், நீங்கள் உங்களையே படத்தில் காட்டியது தேவையற்றது என்று முகத்துக்கு நேராகச் சொன்னார். வர்தா அந்தப் பகுதியை வெட்டவில்லை.