24 வயதில் தேசிய விருது, 45 வயதில் பாட்டி வேடம்: நடிகை லட்சுமியின் நீண்ட பயணம் சொல்வது என்ன?

சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் படிக்கும் யாரிடமாவது 'நடிகை லட்சுமி யார்?' என்று கேட்டால், 'படையப்பா'வில் ரஜினிக்கு அம்மா என்பார்கள். 'ஜீன்ஸ்' பாட்டி என்பார்கள். தெலுங்குப் படம் பார்ப்பவர் என்றால் 'ஓ பேபி' என்பார்.

எல்லாமே சரிதான். ஆனால், தமிழ்ப் படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான தேசிய விருதை முதன்முதலில் வாங்கியவர் இவர்தான். அந்தப் படத்தின் கதையை எழுதியவர், பக்கத்து ஊரான கடலூரில் பிறந்தவர். இந்த இரண்டும் பலருக்குப் புதுச் செய்தியாக இருக்கும்.

கடலூர்க்காரர் எழுதிய 'கங்கா'

எழுத்தாளர் ஜெயகாந்தன் 1934-ல் கடலூர் மஞ்சக்குப்பத்தில் பிறந்தவர். 1966-ல் ஆனந்த விகடனில் வெளிவந்த அவரது 'அக்கினிப் பிரவேசம்' சிறுகதை பெரிய சர்ச்சையைக் கிளப்பியது. மழை நாளில் காரில் லிஃப்ட் கொடுத்தவனால் ஒரு கல்லூரி மாணவி பாதிக்கப்படுகிறாள். வீடு திரும்பியவளை அம்மா முதலில் அடிக்கிறாள். பிறகு தலையில் தண்ணீர் ஊற்றி, மகளிடம் எந்தக் களங்கமும் இல்லை என்று ஏற்றுக்கொள்கிறாள்.

'அது எப்படி ஏற்றுக்கொள்ளலாம்?' என்று ஒரு கூட்டம் கொதித்தது. சரி, அந்த அம்மா ஏற்றுக்கொள்ளாமல், விஷயம் வெளியே தெரிந்திருந்தால் அந்தப் பெண்ணின் வாழ்க்கை என்னவாகியிருக்கும்? இந்தக் கேள்வியிலிருந்து ஜெயகாந்தன் எழுதியதுதான் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவல். 1972-ல் சாகித்ய அகாடமி விருது பெற்றது.

ஏ.பீம்சிங் இதைப் படமாக்கினார். திரைக்கதையும் ஜெயகாந்தனே. படித்து, வேலைக்குப் போய், சொந்தக் காலில் நின்றும் அந்த ஒரு நாளின் பழியிலிருந்து வெளியே வர முடியாத கங்காவாக லட்சுமி நடித்தார். கத்தி அழுது அனுதாபம் தேடும் வேடமல்ல இது. 1976-ம் ஆண்டுக்கான தேசிய விருது கிடைத்தபோது அவருக்கு வயது 24.

அதன் பிறகே 'பசி' ஷோபா தொடங்கி 'திருச்சிற்றம்பலம்' நித்யா மேனன் வரை தமிழ்ப் படங்களுக்காக மற்றவர்கள் அந்த விருதை வாங்கினார்கள்.

விருதுக்கு முன்பு என்ன செய்தார்?

சினிமா அவருக்குக் குடும்பத் தொழில். அம்மா குமாரி ருக்மணி, 1945-ல் வந்த 'ஸ்ரீ வள்ளி'யின் நாயகி. அப்பா ஒய்.வி.ராவ், எம்.கே.தியாகராஜ பாகவதர் நடித்த 'சிந்தாமணி'யின் இயக்குநர். 1968-ல் 'ஜீவனாம்சம்' படத்தில் அறிமுகமான லட்சுமி, ஒரே மொழியில் நின்றுவிடவில்லை.

1974-ல் மலையாள 'சட்டக்காரி', 1975-ல் அதன் இந்தி வடிவமான 'ஜூலி'. இரண்டிலும் ஆங்கிலோ இந்தியப் பெண்ணாக நடித்தார். முதலாவதற்குக் கேரள அரசின் விருது, இரண்டாவதற்கு இந்தி ஃபிலிம்ஃபேர் விருது. 'பான் இந்தியா' என்ற வார்த்தை புழக்கத்துக்கு வருவதற்குப் பல வருஷம் முன்பே நடந்த கதை இது. 1980-ல் 'மழலைப் பட்டாளம்' மூலம் இயக்குநராகவும் ஆனார்.

அப்போ ஏன் 45 வயதில் பாட்டி?

இங்கேதான் தமிழ் சினிமாவின் வயதுக் கணக்கு பளிச்சென்று தெரிகிறது. ரஜினி பிறந்தது 1950 டிசம்பரில். லட்சுமி 1952 டிசம்பரில். அதாவது, ரஜினியைவிட லட்சுமி 2 வயது இளையவர்.

- 1981, 'நெற்றிக்கண்': இரட்டை வேட ரஜினியில் அப்பா ரஜினிக்கு மனைவி.
- 1998, 'ஜீன்ஸ்': ஐஸ்வர்யா ராய்க்குப் பாட்டி. அப்போது லட்சுமிக்கு 45 வயது.
- 1999, 'படையப்பா': ரஜினிக்கு அம்மா. மகனாக நடித்தவருக்கு 48, அம்மாவாக நடித்தவருக்கு 46.

நாயகனுக்கு வயது ஏறுவதே இல்லை. நாயகிக்கு மட்டும் ஒரே தாவலில் 20 வருஷம் கூடிவிடும். இது லட்சுமிக்கு மட்டும் நடந்ததல்ல. அவருடைய படங்களை வரிசையாக அடுக்கினால் கணக்கு பச்சையாகத் தெரிகிறது, அவ்வளவுதான்.

பிறகு எப்படித் தாக்குப்பிடித்தார்?

அம்மா, மருமகள், பாட்டி என எந்த வேடமானாலும், சொந்தக் கருத்து உள்ள பெண்ணாக அதை நிற்க வைத்ததே காரணம். நல்ல உதாரணம், விசு இயக்கிய 'சம்சாரம் அது மின்சாரம்' (1986). உடைந்த குடும்பத்தை ஒட்டவைக்கிறாள் மூத்த மருமகள் உமா. 'இனி எல்லோரும் ஒரே வீட்டில் இருப்போம்' என்று பெரியவர்கள் நெகிழும்போது, வேண்டாம் என்கிறாள். தள்ளி இருந்தால்தான் பாசம் நிலைக்கும் என்று நிதானமாகச் சொல்கிறாள். கூட்டுக்குடும்பம்தான் சுபம் என்றிருந்த காலத்தில் வந்த கிளைமாக்ஸ் இது. வேலைக்காகச் சென்னைக்கோ பெங்களூருக்கோ போய், மாதம் ஒருமுறை ஊருக்கு வருபவர்களுக்கு இன்றும் பொருந்தும்.

டிவியில் 'கதையல்ல நிஜம்' நிகழ்ச்சியை நடத்தினார். 2009-ல் 'உன்னைப்போல் ஒருவன்' படத்தில் தலைமைச் செயலாளராக வந்தார். ஜெயகாந்தன் 1965-ல் இயக்கிய படத்தின் பெயரும் அதேதான் என்பது தற்செயல்.

2019-ல் கொரியப் படமான 'மிஸ் கிரானி'யின் தெலுங்கு ரீமேக் 'ஓ பேபி' வந்தது. திடீரென்று இளமை திரும்பினால் ஒரு வயதான பெண் என்னவெல்லாம் வாழ ஆசைப்படுவாள் என்பதே கதை. இளம் வயதுக்கு சமந்தா, முதிய வயதுக்கு 66 வயது லட்சுமி. இங்கே பாட்டி ஓரத்தில் நிற்கும் வேடமில்லை. படமே அவளைப் பற்றியதுதான்.

எதிலிருந்து பார்க்கலாம்?

முதல்முறை பார்ப்பவர்கள் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' படத்திலிருந்தே தொடங்கலாம். வேகம் குறைவாகத்தான் தெரியும். ஆனால் பாதிக்கப்பட்ட பெண்ணையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றும் கமெண்ட்டுகளை இன்றைக்கும் போனில் பார்க்கிறோம். கங்காவைச் சுற்றியிருந்தவர்கள் பேசியதும் அதேதான்.