ஓர்க்கும் எல்ஃபும் ஒரே அணியில்

வெஸ்டர்ன் காமிக்ஸ் நாயகன் டெக்ஸ் வில்லரை சிவகாசி லயன் காமிக்ஸ் வழியாகப் படித்து வளர்ந்தவர்களுக்கு மிலான் நகரத்து போனெல்லி பதிப்பகம் புதிதல்ல. அதே பதிப்பகம் 2007-இல் 'டிராகனேரோ' என்ற கிராஃபிக் நாவலைக் கொண்டுவந்தது. லூக்கா ஏனோக்கும் ஸ்தெஃபானோ வியெத்தியும் எழுதினார்கள். ஜூசெப்பே மத்தேயோனி வரைந்தார். அந்தக் கதையின் உலகத்துக்குள் மெதுவாகவே போவோம்.

அதன் பெயர் எரோந்தார். நாயகன் இயன் அரானில் டிராகன் கொல்லிகளின் பரம்பரையில் வந்தவன். ஒரு டிராகனைக் கொல்கிறான், அதன் ரத்தம் இவன் ரத்தத்தோடு கலந்துவிடுகிறது. ஜெர்மானியத் தொன்ம நாயகன் சீக்ஃபிரீட்டின் கதை தெரிந்தவர்களுக்கு இது பழகிய சரக்குதான். என்னைப் பிடித்து நிறுத்தியது வேறு: இயன் பார்க்கும் வேலை.

அவன் இளவரசன் இல்லை. ஒருகாலத்தில் பேரரசின் படையில் இருந்தவன், இப்போது அதன் ஸ்கவுட். எங்கே கலவரம், எங்கே விபரீதம் என்று நேரில் போய்ப் பார்ப்பது அவன் கடமை. 2013-இல் இது மாத இதழாக ஆனபோது இந்த வேலைதான் கைகொடுத்தது. அனுப்பப்படும் இடத்துக்கு அவன் போகிறான், நாமும் கூடவே போகிறோம். எரோந்தாரின் வரைபடத்தை மனப்பாடம் செய்யத் தேவையே இல்லை, நடந்து நடந்தே அது நமக்குப் பிடிபட்டுவிடுகிறது.

கூட வருகிறவர்களையும் கவனியுங்கள். க்மோர் ஓர்க் இனத்தவன், இயனின் உயிர் நண்பன். சேரா காட்டு எல்ஃப் பெண். இயனின் தங்கை மிர்வா தொழில்நுட்பம் அறிந்த 'டெக்னோகிராட்' சங்கத்தைச் சேர்ந்தவள். மந்திரவாதி ஆல்பென் 'லூரெசிந்தி' மரபைச் சேர்ந்தவர். ஒவ்வொருவர் பின்னாலும் ஓர் இனமோ ஓர் அமைப்போ இருக்கிறது. மந்திரம் இருக்கும் உலகில் எந்திரம் எதற்கு என்று கேட்டால், அறிவு அங்கே எல்லோருக்கும் பொதுவாக இல்லை என்பதே பதில். மந்திரம் ஒரு கூட்டத்தின் கையில், தொழில்நுட்பம் இன்னொரு கூட்டத்தின் கையில். இதை ஆசிரியர்கள் முன்னுரை எழுதி விளக்கவில்லை. அண்ணன் தங்கை உறவின் வழியாகவே நமக்குப் புரியவைக்கிறார்கள். ஃபான்டஸி எழுத ஆசைப்படும் எவரும் இங்கே நின்று பாடம் படிக்கலாம்.

மாத இதழ், போனெல்லி வழக்கப்படி, கறுப்பு வெள்ளை. மந்திர உலகத்துக்கு வண்ணம் வேண்டாமா? வேண்டாம் என்றே நினைக்கிறேன். கோட்டைச் சுவரின் கல்லையும் டிராகனின் செதிலையும் மையால் மட்டுமே வேறுபடுத்திக் காட்டவேண்டி வரும்போது ஓவியரின் கை தனித் தெளிவு பெறுகிறது.

2019-இல் தொடர் 'கலகக்காரன்' என்ற புதிய கட்டத்துக்குள் நுழைந்தது. அதுவரை பேரரசுக்காக வேவு பார்த்தவன் அதே பேரரசை எதிர்த்து நிற்கிறான். அந்த அரசின் எல்லைகளையும் சங்கங்களையும் ஆண்டுக்கணக்கில் அவனோடு சுற்றிப் பார்த்த வாசகருக்குத்தான் அந்த முறிவின் கனம் தெரியும். படிக்க ஆரம்பிப்பதானால் கலகத்திலிருந்து ஆரம்பிக்காதீர்கள், 2007-இன் அந்த முதல் புத்தகத்தைத் தேடி எடுங்கள்.