ஜான் ஆபிரகாமும் ‘அக்ரஹாரத்தில் கழுதை’யும்

இலக்கிய வரலாறு எழுதுவோர் திரைப்படத்தைத் தம் எல்லைக்குப் புறம்பானதாகக் கருதுதல் பெருவழக்கு. திரைப்பாடல், உரையாடல் ஆகியன பற்றிச் சில சொல்லி அமைவர். ஆயின், ஒரு திரைப்படம் முழுமையும் இலக்கியக் கூறு ஒன்றன் இயல்பு கொண்டு நிற்குமாயின், அதனை விலக்குதற்குக் காரணம் இல்லை. அத்தகைய தமிழ்ப்படம் ஒன்றை ஆக்கியவர் மலையாள நாட்டவராகிய ஜான் ஆபிரகாம் ஆவார். வணிக முதலீட்டின் பிடியினின்று விலகிப் படம் எடுப்போரைச் சுயாதீன இயக்குநர் என்பர். அச்சொல் இவர் வாழ்வில் என்ன பொருள் பெறுகின்றது என்பதனையும், இவர்தம் தமிழ்ப்படம் நம் அங்கத மரபில் எவ்விடம் பெறும் என்பதனையும் ஈண்டு ஆராய்வோம்.

ஜான், 1937ஆம் ஆண்டு ஆகஸ்டு 11ஆம் நாள் பிறந்தவர். குட்டநாட்டுப் பகுதியைச் சேர்ந்தவர். ஆயுள் காப்பீட்டுக் கழகத்தில் அலுவல் பார்த்துவந்த அவர், அதனைத் துறந்து பூனாவிலுள்ள திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் சேர்ந்தார். அங்கு வங்க இயக்குநர் ரித்விக் கட்டக் அவர்க்கு ஆசிரியராக வாய்த்தார். பின்னர், மணி கௌல் இயக்கிய ‘உஸ்கி ரோட்டி’ (1969) என்னும் இந்திப் படத்தில் துணை இயக்குநராகப் பணிபுரிந்தார். ‘வித்யார்த்திகளே இதிலே இதிலே’ (1972), ‘அக்ரஹாரத்தில் கழுதை’ (1977), ‘செறியாச்சன்டெ குரூரகிருத்யங்கள்’ (1979), ‘அம்ம அறியான்’ (1986) என அவர் இயக்கிய முழுநீளப் படங்கள் நான்கே. அவற்றுள் இரண்டாவது மட்டுமே தமிழ்ப்படம்.

அதன் திரைக்கதையை எழுதியவர் திறனாய்வாளர் வெங்கட் சாமிநாதன். தாயை இழந்த கழுதைக்குட்டி ஒன்று சென்னையிலுள்ள பேராசிரியர் நாராயணசாமியின் வீட்டை அடைகின்றது. இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன் இப்பேராசிரியராக நடித்துள்ளார். கல்லூரியில் எழுந்த எள்ளலுக்கு அஞ்சி, அவர் குட்டியைத் தம் ஊர் அக்கிரகாரத்தில் விட்டு, உமா என்னும் ஊமைப் பெண்ணிடம் ஒப்படைக்கின்றார். ஊரில் நேரும் தீங்கு ஒவ்வொன்றும் அக்கழுதையின் மேல் ஏற்றப்படுகின்றது. உமாவுக்கு இறந்து பிறந்த குழவியைக் கோயில் முன் இட்டவர் வேறொருவர், பழியோ கழுதைக்கு. ஊரார் அதனைக் கொல்கின்றனர். பின்னர் நிகழும் நன்மைகளையெல்லாம் அதன் அருள் எனக் கொண்டு, அதற்கே கோயில் எடுக்கத் துணிகின்றனர். இறுதியில் ஊரைத் தீ உண்கின்றது.

தொல்காப்பியர் செய்யுளியலில் அங்கதத்தைச் செம்பொருள் என்றும் கரந்தது என்றும் இருவகைப்படுத்துவர். குற்றத்தை வெளிப்படக் கூறுவது முன்னது. மறைத்துக் கூறுவது பின்னது. இப்படத்தின் தலைப்பை மட்டும் நோக்குவார் இதனைச் செம்பொருள் அங்கதம் என்றே கொள்வர். ஒரு குலத்தாரை இகழ எழுந்தது எனவும் எண்ணுவர். கதைப்போக்கை நோக்கின் அக்கருத்துப் பொருந்தாமை புலனாகும். கழுதைக்கு இரங்கும் பேராசிரியரும் அவ்வக்கிரகாரத்தவரே. மேலும், கழுதையைக் கொல்லும் காட்சியினும் அதனைத் தொழும் காட்சியிலேயே வசை கூர்மை பெறுகின்றது. ஆராயாது பழித்த மனமே ஆராயாது போற்றவும் செய்கின்றது. இவ்வாறு புகழ்ச்சியுள் பழியைப் பொதிந்து வைத்தமையின், இதனைக் கரந்த அங்கதத்தின்பாற் படுத்தலே தகும் என்பது எம் கருத்து. அம்மனம் எக்குலத்தார்க்கும் பொதுவாதலின், இவ்வங்கதம் தன்னைக் காண்போரையும் விட்டுவைப்பதில்லை.

1977ஆம் ஆண்டின் சிறந்த தமிழ்ப்படத்திற்குரிய தேசிய விருதை இப்படம் பெற்றது. அவ்வாறிருந்தும், தமிழ் மக்கள் இதனைக் காணும் வாய்ப்பு அரிதாயிற்று. 1989இல் தூர்தர்ஷன் இதனை ஒளிபரப்ப எண்ணிப் பின்னர்க் கைவிட்டது. படைப்பு இருந்தும் காண்போர் இலராயின் படைத்தவன் பெற்ற விடுதலையால் ஆவது யாது? இவ்வினாவிற்கு ஜானின் இறுதிப் படம் விடை தருகின்றது.

1984இல் அவரும் நண்பர்களும் ‘ஒடேசா’ என்னும் மக்கள் திரைப்பட இயக்கத்தைத் தொடங்கினர். ஊர்தோறும் சென்று படங்காட்டியும் மக்களிடம் சிறுசிறு தொகை திரட்டியும் ‘அம்ம அறியான்’ படத்தை உருவாக்கினர். தற்கொலை செய்துகொண்ட இளைஞன் ஒருவனின் இறப்பை அவன் தாய்க்கு அறிவிக்க, வழியெல்லாம் நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு வயநாட்டிலிருந்து கொச்சிக்குச் செல்லும் பயணமே இதன் கதை. தமிழர் செவிக்கு ‘அறியான்’ என்பது எதிர்மறை வினைமுற்றாக ஒலிக்கும். மலையாளத்தில் அது ‘அறியும்பொருட்டு’ எனப் பொருள்படும். நம் இலக்கணத்து வான், பான் ஈற்று வினையெச்சங்களோடு அது ஒப்பு நோக்கத்தக்கது. ‘அன்னை அறிதற்பொருட்டு’ என்னும் அத்தலைப்பிலேயே கலை யார்க்கு உரியது என்னும் அவர்தம் கொள்கை அடங்கியுள்ளது. முதலாளியைச் சாராதார் மக்களைச் சார்தல் வேண்டும் என அவர் கண்டார். 1987 மே 31ஆம் நாள், கோழிக்கோட்டில் மாடியிலிருந்து விழுந்து, ஐம்பது ஆண்டு நிறைவுறாத நிலையில் அவர் மறைந்தார்.

அங்கத இலக்கியம் பயிலும் மாணவர், சிலேடைப் பாடல்களோடும் தனிப்பாடல்களோடும் அமையாது, இத்திரைக்கதையையும் பாடமாகக் கொண்டு ஆராய்தல் வேண்டும். அவ்வாறு ஆராயுங்கால், தமிழ் அங்கதம் ஏட்டோடு நின்றுவிடவில்லை என்பது தெளிவாகும்.