கப்பல் ஏறி கொரியா போகக் கிளம்பிய 3 சிறுமிகள்!

பாட்டைப் பூட்டி வைத்தால் பிள்ளைகள் அடங்குவார்களா?

கையில் 14 ஆயிரம் ரூபாய். போக வேண்டிய ஊர் தென் கொரியா. பார்க்க வேண்டியது 7 பாடகர்களை.

இந்தக் கணக்கோடு 13 வயதுச் சிறுமிகள் 3 பேர் வீட்டை விட்டுக் கிளம்பினார்கள். 2024-ம் ஆண்டு ஜனவரி மாதம் கரூர் மாவட்டத்துக் கிராமம் ஒன்றில் நடந்த சம்பவம் இது.

சிறுமிகள் பத்திரமாக வீடு திரும்பி விட்டார்கள். ஆனால் அவர்கள் கிளப்பி விட்ட வாக்குவாதம் இன்னும் ஓயவில்லை. "முதலில் செல்போனைப் பிடுங்கு" என்கிறது ஒரு கட்சி. "பிடுங்கப் பிடுங்கத்தான் ஓடும்" என்கிறது இன்னொரு கட்சி.

இது பற்றிய விவரம் வருமாறு:-

ஈரோடு வழியாக சென்னை

3 பேரும் 8-ம் வகுப்பு மாணவிகள். ஒரே பள்ளிக்கூடம். செல்போனில் கொரியா நாட்டுப் பாட்டுகளைக் கேட்டுக் கேட்டு, பி.டி.எஸ். என்ற பாட்டுக் குழுவின் மீது உயிராக இருந்தார்கள்.

அந்தக் குழுவில் 7 வாலிபர்கள். அவர்களை நேரில் பார்த்தே ஆக வேண்டும் என்று சிறுமிகள் முடிவு செய்தார்கள். விசாகப்பட்டினம் போய் அங்கிருந்து கப்பல் ஏறினால் கொரியாவுக்குப் போய் விடலாம் என்பது அவர்கள் போட்ட திட்டம்.

சேர்த்து வைத்த பணத்தை எடுத்துக் கொண்டார்கள். வீட்டில் யாரிடமும் மூச்சு விடவில்லை. ஈரோடு போய் ரெயில் ஏறி சென்னைக்கு வந்து சேர்ந்தார்கள். சென்னையில் ஒரு விடுதியில் அறை எடுத்துத் தங்கினார்கள்.

அதற்குள் ஊரில் பெற்றோர்கள் பதறிப் போய் போலீசில் புகார் செய்தார்கள். 3 பெண் பிள்ளைகளை ஒரே நாளில் காணோம் என்றால் சும்மாவா? போலீசார் நாலா பக்கமும் தேடினார்கள்.

பாதியில் மனம் மாறியது

சென்னையைப் பார்த்ததும் சிறுமிகளுக்கு நிலைமை புரிந்து விட்டது. இதெல்லாம் நடக்கிற காரியம் இல்லை என்று தெரிந்து, ஊருக்குத் திரும்ப ரெயில் ஏறினார்கள்.

வழியில் காட்பாடி ஜங்ஷனில் சாப்பிட ஏதாவது வாங்கலாம் என்று இறங்கினார்கள். ரெயில் கிளம்பிப் போய் விட்டது. நள்ளிரவு நேரத்தில் பிளாட்பாரத்தில் நின்ற 3 பேரையும் போலீசார் பார்த்து விசாரித்தார்கள். அப்போதுதான் கொரியா கதை முழுவதும் வெளியே வந்தது.

பிறகு குழந்தைகள் நல அதிகாரிகள் புத்திமதி சொன்னார்கள். பெற்றோர்களிடம் பிள்ளைகள் ஒப்படைக்கப்பட்டார்கள்.

இதில் பலரும் கவனிக்காமல் விட்ட செய்தி ஒன்று உண்டு. போலீசார் கண்ணில் பட்டபோது அந்தச் சிறுமிகள் ஓடிக் கொண்டிருக்கவில்லை. வீட்டுக்குத்தான் வந்து கொண்டிருந்தார்கள்.

போயிருந்தாலும் பார்த்திருக்க முடியாது

விசாகப்பட்டினத்தில் இருந்து கொரியாவுக்குப் பயணிகள் கப்பல் கிடையாது. பாஸ்போர்ட்டும் விசாவும் இல்லாமல் எந்தத் துறைமுகத்திலும் யாரும் கப்பல் ஏற முடியாது.

அப்படியே தலைநகர் சியோலுக்குப் போய் இறங்கி இருந்தாலும் அந்த 7 பேரையும் மேடையில் பார்த்திருக்க முடியாது. தென் கொரியாவில் உடல் தகுதி உள்ள ஆண்கள் எல்லோரும் ராணுவத்தில் பணி செய்தாக வேண்டும். 2022 டிசம்பரில் முதலில் ஒருவர் போனார். 2023 டிசம்பரில் கடைசி நால்வரும் போய்ச் சேர்ந்தார்கள்.

ஆக, 2024 ஜனவரியில் 6 பேர் ராணுவ உடையில் இருந்தார்கள். ஒருவர் ராணுவத்துக்குப் பதிலாகப் பொதுப் பணி செய்து கொண்டிருந்தார். எல்லோரும் பணி முடித்துத் திரும்பியது 2025 ஜூன் மாதத்தில்தான்.

பாட்டு எப்படி வீட்டுக்குள் வந்தது?

2020-ம் ஆண்டு கொரோனா வந்தது. பள்ளிக்கூடங்களை இழுத்து மூடினார்கள். பாடம் செல்போனுக்கு வந்தது. கடன் வாங்கியாவது ஒரு செல்போன் வாங்கிக் கொடுக்க வேண்டிய நிலை பெற்றோர்களுக்கு ஏற்பட்டது.

பாடம் வந்த அதே வழியில் பாட்டும் வந்தது. அந்த ஆண்டு ஆகஸ்டு மாதத்தில்தான் பி.டி.எஸ். குழுவின் 'டைனமைட்' பாட்டு வெளியாகி, அமெரிக்காவின் பில்போர்டு பட்டியலில் முதல் இடத்தைப் பிடித்தது.

யூடியூபில் ஒரு பாட்டைக் கேட்டால், அது முடிவதற்குள் அடுத்த பாட்டு வாசலில் வந்து நிற்கிறது. மொழி தெரியாவிட்டாலும் கீழே எழுத்தில் அர்த்தம் ஓடுகிறது. பார்த்தவர்கள் எத்தனை பேர் என்ற கணக்கை ஏற்றுவதற்காகவே ஒரே பாட்டைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்கும் ரசிகர்கள் உலகம் முழுவதும் இருக்கிறார்கள்.

கொரியாவின் கடிகாரம் நமக்கு 3½ மணி நேரம் முந்தி ஓடுகிறது. அங்கே மாலை 6 மணிக்குப் புதுப் பாட்டு வெளிவந்தால் இங்கே பகல் 2½ மணி. வகுப்பு நடக்கிற நேரம்! பிள்ளைக்கு மனசு கணக்குப் பாடத்தில் எப்படி நிற்கும்?

"நம்ம காலத்தில் இப்படியா?"

"நம்ம காலத்தில் இப்படியெல்லாம் உண்டா?" என்று பெரியவர்கள் கேட்கிறார்கள். உண்டு.

சினிமா நட்சத்திரங்களைப் பார்க்கவும், சினிமாவில் சேரவும் ஊரில் யாருக்கும் தெரியாமல் ரெயில் ஏறி சென்னைக்கு வந்தவர்கள் எத்தனை பேர்! கோடம்பாக்கத்துக்கு அது பழைய கதை. அன்று கோடம்பாக்கம், இன்று சியோல். தூரம்தான் கூடி இருக்கிறது.

ஒரு வித்தியாசம் உண்டு. அன்று பிள்ளை எந்த நடிகருக்காக உருகுகிறது என்று வீட்டில் எல்லோருக்கும் தெரியும். அப்பாவும் அதே படத்தைப் பார்த்திருப்பார். இன்று பிள்ளையின் காதில் என்ன ஓடுகிறது என்று அம்மாவுக்குத் தெரியாது, வாத்தியாருக்கும் தெரியாது.

கொரியாவிலேயே இந்தச் சண்டை

பாட்டு பிறந்த ஊரில் என்ன நிலைமை? அங்கேயும் இதே சண்டைதான். அங்கேயும் பிள்ளைகள் தகப்பனாரை 'அப்பா' என்றுதான் கூப்பிடுகிறார்கள். தாயாரை 'ஓம்மா' என்கிறார்கள். அப்பாவும் ஓம்மாவும் பிள்ளைகளைப் பொத்திப் பொத்தி வளர்ப்பதில் நம்மவர்களுக்குச் சளைத்தவர்கள் அல்ல.

1995-ம் ஆண்டில் சோ தைஜி என்ற பாடகரின் பாட்டு ஒன்றைத் தணிக்கைக் குழு மாற்றச் சொன்னது. அவர் மாற்றவில்லை. வார்த்தைகளை எல்லாம் எடுத்து விட்டு வெறும் இசையை மட்டும் வெளியிட்டார். ரசிகர்கள் கொதித்து எழுந்தார்கள். 1996 ஜூன் மாதத்தில் பாட்டுகளுக்கு முன்கூட்டித் தணிக்கை செய்யும் முறையே ஒழிந்தது.

அதோடு விட்டதா? இல்லை. மாணவர்களைக் காப்பாற்ற வேறு சட்டம் வந்தது. 'இளைஞர்களுக்குக் கெடுதல்' என்று முத்திரை விழுந்தால் 19 வயது ஆகாதவர்கள் அந்தப் பாட்டைக் கேட்க முடியாது. செல்போனில் கேட்கவும் வயதை நிரூபிக்க வேண்டும்.

2011-ல் பீஸ்ட் என்ற குழுவின் மழைக்காலக் காதல் பாட்டுக்கு இந்த முத்திரை விழுந்தது. குற்றம் என்ன தெரியுமா? பாட்டில் போதை பற்றிய பேச்சு வருகிறதாம்!

இதே போல் முத்திரை விழுந்த இன்னொரு பாட்டுக்காக எஸ்.எம். என்ற பெரிய கம்பெனி கோர்ட்டுக்குப் போனது. பாட்டில் மது பற்றிய சொல் வந்து விட்டதாலேயே அது குடிக்கத் தூண்டுவதாக ஆகி விடாது என்று 2011 ஆகஸ்டில் சியோல் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது. கம்பெனி ஜெயித்தது.

அடுத்த ஆண்டு இன்னும் வேடிக்கை. சை என்ற பாடகரின் 'கங்னம் ஸ்டைல்' உலகத்தையே குதிரை ஆட்டம் போட வைத்தது. யூடியூபில் முதன்முதலாக 100 கோடி தடவை பார்க்கப்பட்ட படம் அதுதான். ஆனால் அதே சை பாடிய பழைய பாட்டு ஒன்று சொந்த நாட்டில் 19 வயது ஆகாதவர்களுக்குத் தடை செய்யப்பட்டுக் கிடந்தது. ஊர் சிரித்த பிறகு, 2012 அக்டோபரில் தடையை எடுத்தார்கள்.

நள்ளிரவுப் பூட்டு

பாட்டோடு நிற்கவில்லை. 16 வயது ஆகாத பிள்ளைகள் இரவு 12 மணி முதல் காலை 6 மணி வரை கம்ப்யூட்டர் வலையில் விளையாடக் கூடாது என்று 2011 நவம்பரில் ஒரு சட்டம் அமலுக்கு வந்தது. 12 மணி அடித்ததும் ஆட்டம் முடிந்ததால் 'சிண்ட்ரெல்லா சட்டம்' என்று பெயர் வைத்தார்கள்.

பிள்ளைகள் சும்மா இருப்பார்களா? அப்பாவின் அடையாள எண்ணைப் போட்டு உள்ளே நுழைந்தார்கள். விளையாட்டு செல்போனுக்கு மாறிய பிறகு சட்டம் பல் இல்லாத பாம்பு ஆனது. 2022 ஜனவரி 1-ந் தேதி சட்டமே ரத்தானது. 10 ஆண்டு பூட்டிய பூட்டைத் திறந்து, பொறுப்பைக் குடும்பத்தின் கையில் கொடுத்தார்கள்.

எது நிலைத்தது?

எல்லாக் கட்டுப்பாடும் தோற்றதா என்றால், இல்லை. 2 விதமான கட்டுப்பாடு அங்கே நின்று விட்டது.

ஒன்று, பிள்ளைகளை வைத்துப் பணம் சம்பாதிக்கும் பெரியவர்களுக்குப் போட்ட கடிவாளம். பி.டி.எஸ். குழுவின் கடைசித் தம்பி 2013 ஜூன் மாதம் மேடை ஏறியபோது அவருக்கு வயது 15-தான். இப்படிச் சின்னஞ்சிறு வயதில் பாட வருகிறவர்களைக் காப்பாற்ற 2014-ல் சட்டம் வந்தது.

அதன்படி 15 வயது ஆகாதவர்களை வாரத்துக்கு 35 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. அதற்கு மேல் 19 வயது வரை 40 மணி நேரம். இரவு 10 மணிக்குப் பிறகு வேலை வாங்கக் கூடாது என்பது பொது விதி. இதனால் நிகழ்ச்சி நடந்து கொண்டிருக்கும்போதே வயது குறைந்தவர்கள் மேடையை விட்டுப் போய் விடுவது உண்டு.

சியோல் நகரின் டியூஷன் சென்டர்களுக்கும் இதே 10 மணி கணக்குத்தான். நடு இரவு வரை பிள்ளைகளை உட்கார வைத்துப் படி படி என்று வதைத்ததால் வந்த விதி இது. சென்டர்காரர்கள் தரப்பு வழக்குக்குப் போனது. 2009-ல் அரசியல் சட்ட கோர்ட்டு விதி செல்லும் என்று சொல்லி விட்டது.

இரண்டாவது, வகுப்பறைக் கட்டுப்பாடு. பாடம் நடக்கும்போது மாணவர்கள் செல்போன் பயன்படுத்தக் கூடாது என்று 2025 ஆகஸ்டு 27-ந் தேதி கொரியா பார்லிமெண்டு சட்டம் போட்டது. ஆதரித்து 115 பேர் ஓட்டுப் போட்டார்கள். 2026 மார்ச்சில் தொடங்கும் பள்ளி ஆண்டில் இருந்து இது அமல் என்று சட்டம் சொல்கிறது. இது மாணவர்களின் உரிமையைப் பறிப்பது என்று எதிர்த்தவர்களும் உண்டு.

ஆனால் இந்தச் சட்டம் போனைத்தான் வகுப்பில் நிறுத்துகிறது. எந்தப் பாட்டைக் கேட்கலாம் என்ற பேச்சுக்கே போகவில்லை.

வீட்டில் என்ன செய்வது?

"போனைப் பிடுங்கினா சாப்பிட மாட்டேங்குறா. கொடுத்தா தூங்க மாட்டேங்குறா." வீட்டுக்கு வீடு கேட்கிற புலம்பல் இது. புலம்புகிற தாயாரைக் குறை சொல்ல முடியாது. 13 வயதுப் பெண் பிள்ளை ராத்திரியில் ரெயில்வே பிளாட்பாரத்தில் நிற்பது சாதாரண விஷயம் அல்ல. காட்பாடியில் கண்ணில் பட்டது போலீசாருக்கு. வேறு யார் கண்ணிலாவது பட்டிருந்தால்?

படுக்கும் நேரத்தில் போனை வாங்கி வைப்பதும், வகுப்பில் போன் கூடாது என்பதும் நியாயம்தான். அதற்கு மேலே போய் பாட்டையே பூட்டுகிற வேலை, பாட்டு பிறந்த ஊரிலேயே பலிக்கவில்லை.

இந்தச் சம்பவத்தில் சிறுமிகளைத் திருப்பி அனுப்பியது எந்தப் பூட்டும் அல்ல. சென்னைக்கு வந்து கண்ணால் பார்த்தபோது அவர்களுக்கே வந்த புத்திதான். அந்தப் புத்தி ஊரிலேயே வந்திருக்கலாம். கொரியாவுக்கு எப்படிப் போவது, பாஸ்போர்ட் என்றால் என்ன, விமானத்துக்கு எவ்வளவு ஆகும், அந்தப் பையன்கள் இப்போது எங்கே இருக்கிறார்கள் என்று பயம் இல்லாமல் கேட்க வீட்டில் ஒரு ஆள் இருந்தால் போதும்.

வழி தவறி நிற்கும் பிள்ளைகளைப் பார்த்தால் 1098 என்ற எண்ணுக்கு யார் வேண்டுமானாலும் போன் செய்யலாம். இரவும் பகலும் இயங்கும் இலவச உதவி அது.

பிள்ளை கேட்கிற பாட்டை ஒரு நாள் கூட உட்கார்ந்து கேட்டுப் பார்ப்பதற்கும் காசு செலவு இல்லை. மொழி புரியாது. ஆனால் "இந்த ஏழு பேர்ல உனக்கு யாரைப் பிடிக்கும்?" என்று கேட்கக் கொரியா மொழி தெரிய வேண்டியது இல்லை.