கிழமையற்ற நாள்

கற்பனை உலகுக்கு மலைகளையும் மொழிகளையும் வகுத்தோர் பலர். நாட்காட்டியையும் வகுத்தோர் சிலரே. அவர்களுள் ஒருவர் ஆங்கிலப் பேராசிரியர் டோல்கீன். ‘லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ புதினத்தின் மூன்றாம் பகுதியில் (1955), ஷயர் எனும் நாட்டின் நாட்காட்டியைப் பின்னிணைப்பாகக் காண்கிறோம். மாதங்கள் பன்னிரண்டு, ஒவ்வொன்றுக்கும் 30 நாட்கள். எஞ்சிய ஐந்து எம்மாதத்திலும் சேரா. அவற்றுள் நடுக்கோடை நாளுக்குக் கிழமையே கிடையாது. லீப் ஆண்டின் மிகைநாளுக்கும் அவ்வாறே. ஆகவே கிழமை பெறும் நாட்கள் 364. சரியாக 52 வாரங்கள். எந்தத் தேதியும் ஆண்டுதோறும் ஒரே கிழமையில் வரும். அங்கும் வாரத்தின் தலையாய நாள் வெள்ளிக்கு நிகரானதே என்பது நமக்குச் சுவையான செய்தி.

எண்ணித் தொழும் கடமை ஷயர்வாசிகளுக்கு இல்லை. அதனால் அங்கு இடர் எழவில்லை. இதே உத்தியைக் கொண்ட ‘உலக நாட்காட்டி’த் திட்டத்தை 1953இல் ஐ.நா.வின் முன் வைத்தது இந்தியா. கிழமையற்ற ஒரு நாள் இடையில் நுழைந்தால், ஏழு நாட்கள் எண்ணி நாம் ஜும்ஆவுக்குச் செல்லும் நாளை நாட்காட்டி வியாழன் என்னும்; மறு ஆண்டு புதன் என்னும். யூதர்களின் ஓய்வுநாளுக்கும் இதே கதிதான். சமயத்தாரின் எதிர்ப்பைச் சுட்டி 1955இல் அமெரிக்கா மறுத்தது. மறு ஆண்டு ஐ.நா.வின் பொருளாதார சமூக மன்றம் இத்திட்டத்தைக் காலவரையறையின்றி ஒத்திவைத்தது.